பாலாடைக்கட்டிப் பலகாரமும் எல்லைப்புறத் தமிழ் அடுக்களையும்

ஒரு மக்களின் வரலாற்றை அறிய விரும்புவோர் கல்வெட்டையும் செப்பேட்டையும் நாடுவது வழக்கம். அடுக்களையை நாடுவோர் மிகச் சிலரே. ஆயினும், அரசாணை எதனாலும் நிகழாத பல மாறுதல்கள் அடுப்பங்கரையில் நிகழ்ந்துள்ளன. அவற்றை நிகழ்த்தியவர்களின் பெயர்கள் எந்த ஏட்டிலும் பொறிக்கப்படவில்லை. அத்தகைய மாறுதல்களுள் ஒன்றையே இன்று நாம் ஆராய இருக்கிறோம்.

பிரெஞ்சு நாட்டார் பாலாடைக்கட்டியைச் சேர்த்து வீட்டிலேயே செய்துகொள்ளும் உப்புப் பலகாரங்கள் பல உள. இக்காலத்தில் நாம் 'சீஸ்' என்று வழங்குவதே அப்பாலாடைக்கட்டி. அப்பலகாரங்களுக்கும், பாலக்காட்டு எல்லையிலும் இடுக்கி மலைகளிலும் வாழும் தமிழர்க்கும் என்ன உறவு என நேயர்கள் வினவலாம். உறவு உண்டு. அது கைப்பக்குவத்தால் ஏற்பட்ட உறவு.

முதலில் இடத்தைப் பற்றிச் சிறிது கூறுவோம். பாலக்காட்டுக் கணவாய் மேற்குத் தொடர்ச்சி மலையில் அமைந்த அகன்ற வாயில். வாளையாறு, வேலந்தாவளம், கோபாலபுரம், மீனாட்சிபுரம் என்னும் ஊர்களின் வழியே நெடுங்காலமாக வண்டிகளும் மனிதரும் வந்துபோயினர். தெற்கே இடுக்கி மலைக்குப் போடிமெட்டு, குமுளி, சின்னாறு ஆகியவை வாயில்கள். பாலக்காட்டு நகரம் 1956 வரை சென்னை மாநிலத்து மலபார் மாவட்டத்தில் இருந்தது. சித்தூர்ப் பகுதி கொச்சி அரசையும், தேவிகுளமும் பீருமேடும் திருவிதாங்கூர் அரசையும் சேர்ந்திருந்தன. 1956 நவம்பர் முதல் நாள் மொழிவழி மாநிலங்கள் அமைந்தபோது இவை யாவும் கேரளத்தின் பகுதிகளாயின. தேவிகுளம், பீருமேடு வட்டங்களைத் தமிழகத்துடன் சேர்க்க வேண்டும் என்ற கிளர்ச்சி கைகூடவில்லை. எனவே, பிற மாநிலங்களில் வாழும் தமிழருள் இருவகையினர் உளர். ஒரு வகையினர் ஊர்விட்டுப் பெயர்ந்தவர். மற்றொரு வகையினர் தாம் இருந்த இடத்தினின்றும் ஓரடியும் பெயராமலே பிற மாநிலத்தவராயினர். எல்லைப்புறத்தில் இவ்விரு வகையினரும் உண்டு.

இனிப் பலகாரத்துக்கு வருவோம். பிரெஞ்சு நாட்டின் பர்கண்டி மாநிலத்திற்குரிய பலகாரம் ஒன்றிற்குக் 'கூஜேர்' என்று பெயர். நம் குழிப்பணியாரத்தின் அளவினதாய், பொன்னிறமாய், உள்ளே வெற்றிடத்துடன் உப்பி நிற்கும். நீர், வெண்ணெய், உப்பு, கோதுமை மாவு, முட்டை, துருவிய பாலாடைக்கட்டி ஆகியவையே அதற்கு வேண்டும் பொருள்கள். அம்மாவிற்குப் பிரெஞ்சு மொழியில் 'ஷூ' மாவு என்று பெயர். 'ஷூ' என்பது முட்டைக்கோசைக் குறிக்கும் சொல். வெந்து வரும் உருண்டையின் வடிவம் கோசினை ஒத்திருப்பதால் வந்த பெயர் அது. மற்றொரு பலகாரத்திற்குச் 'சாப்லே' என்று பெயர். மாவையும் கொழுப்பையும் விரல் நுனியால் பிசிறி, மணல்போல் ஆக்குவதால் அமைந்த பெயர். இது வாயிலிட்டதும் பொருபொருவென்று உதிரும் தட்டையான வில்லை.

இந்தச் சமையல் நம் நாட்டிற்கு எவ்வாறு வந்தது? பிரெஞ்சுக்காரர் 1674-இல் புதுச்சேரியில் குடியேறினர். 1721-இல் மேலைக் கடற்கரையில் மாகியையும், 1739-இல் காரைக்காலையும் அடைந்தனர். 1954-இல் அவ்வூர்களின் ஆட்சி இந்தியாவிடம் வந்தது; 1962-இல் அது சட்டப்படி முழுமை பெற்றது. ஆனால் பிரெஞ்சுச் சமையல் முறை புதுச்சேரி எல்லைக்குள் அடங்கி நின்றதன்று. பத்தொன்பதாம் நூற்றாண்டில் ஆங்கிலேயரே தம் விருந்துகளில் பிரெஞ்சு முறையைப் பின்பற்றுவதைப் பெருமையாகக் கொண்டனர். அம்முறை சென்னை மாகாணத்து அடுக்களைகளுக்கு வந்ததும் பெரும்பாலும் ஆங்கிலேயர் வழியாகவே.

இதற்குச் சான்றாக ஒரு நூல் உளது. சென்னைக் குதிரைப்படையில் பணியாற்றிய கென்னி-ஹெர்பெர்ட் என்னும் ஆங்கிலேய அதிகாரி, 'வைவர்ன்' என்ற புனைபெயரில் சென்னைச் செய்தித்தாளொன்றில் சமையற் கட்டுரைகள் எழுதி வந்தார். அவை 1878-இல் சென்னையிலேயே நூலாக வெளிவந்தன. முப்பது இயல்களும் முப்பது விருந்துப் பட்டியல்களும் கொண்ட அந்நூல், இந்தியாவில் வாழும் ஆங்கிலேயரை 'நாடு கடந்து வாழ்வோர்' என்ற பொருள்பட விளித்து, அவர்களுக்காகவே எழுதப்பட்டது. தகரப் பெட்டிகளில் கப்பலேறி வரும் உணவை நம்பியிராமல், உள்ளூரில் கிடைக்கும் பொருளைக் கொண்டே ஐரோப்பிய முறையில் நன்கு சமைக்கலாம் என்பது அவர் கொள்கை. பிற்காலத்தில் அவர் இலண்டனில் சமையற் பள்ளி ஒன்றையும் நடத்தினார்.

இந்நூலில் நம் கருத்தைக் கவர்வது ஒரு பெயர். சமையற்காரரை நடத்தும் முறை குறித்து அவர் தனியே ஓர் இயல் எழுதினார். அச்சமையற்காரருக்கு அவர் இட்ட பெயர் 'ராமசாமி'. அது ஒரு தனி மனிதரின் பெயரன்று. சென்னை மாகாணத்துச் சமையற்காரர் அனைவருக்கும் அவர் இட்ட பொதுப்பெயர். நூலைப் படித்தவர் துரைசானி. மாவைப் பிசைந்தவர் ராமசாமி. அந்த ராமசாமிகளுள் பெரும்பாலோர் ஆங்கில எழுத்தறியாதவர். வீட்டுக்காரி படித்துச் சொன்ன முறையைச் செவியால் கேட்டு, கையால் செய்து, நினைவில் வைத்துக்கொண்டு, தம் மக்களுக்கும் மருமக்களுக்கும் வாய்மொழியாகவே கற்பித்தனர். நூலாசிரியர் பெயர் வரலாற்றில் நின்றது. செய்தவர்களுக்கு ஒரே பெயர் எஞ்சியது; அதுவும் இரவற்பெயர்.

இச்சமையல் மலையேறிய கதையும் சுவையானதே. 1877-இல் பூஞ்ஞாற்றுத் தலைவரிடமிருந்து மன்றோ என்பவர் கண்ணன் தேவன் மலைகளைக் குத்தகையாகப் பெற்றார். 1879-இல் தோட்டக்காரர் சங்கம் ஒன்று அமைந்தது. 1897-இல் கண்ணன் தேவன் கம்பெனி தோன்றியது. தேயிலைத் தோட்டங்களில் உழைக்க மதுரை, திருநெல்வேலி, இராமநாதபுரம் சீமைகளிலிருந்து தமிழர் கங்காணிகளின் கீழ்த் திரளாக வந்தனர். போடிநாயக்கனூரிலிருந்து கொட்டகுடி வழியாக மலையுச்சிக்கு ஏறும் பாதையில் அரிசியும் ஏறியது. துரைமாரின் தகரப்பெட்டிச் சாமான்களும் ஏறின. அச்சாமான்களுள் ஒன்று சீமைப் பாலாடைக்கட்டி. பாலாடைக்கட்டியை மாவுடன் பிசிறிக் குச்சிகளாக அறுத்துச் சுடும் 'சீஸ் ஸ்ட்ரா' என்னும் பலகாரம் இந்தியாவில் வாழ்ந்த ஆங்கிலேயரின் மேசைகளில் வழக்கமாக இடம்பெற்றது. முன்னர்க் கூறிய சாப்லேக்கு அது நெருங்கிய உறவு.

பங்களாச் சமையலறைக்குத் தமிழர் 'குசினி' என்று பெயரிட்டனர். போர்ச்சுகீசியர் மொழியிலிருந்து வந்ததாகக் கருதப்படும் இச்சொல், சமையலறையைக் குறிக்கும் பிரெஞ்சுச் சொல்லுக்கும் இனமானது. யாழ்ப்பாணத்தார் ரொட்டி சுடும் அடுப்பைப் 'போறணை' என்பர். இதுவும் போர்ச்சுகீசியம் தந்த சொல். கேரளத்தார் அதனைப் 'போர்மா' என்பர். சொற்களும் பலகாரங்களைப் போலவே கைமாறிக் கைமாறி வருகின்றன. சுடும் அடுப்பு இல்லாத வீடுகளில் கனத்த சட்டியின் அடியில் மணலைப் பரப்பி, அதன்மேல் தட்டை வைத்து மூடி, மூடியின்மேலும் தணலிட்டுச் சுடுவதும் வழக்கமாயிருந்தது.

ஆயினும் ஓர் ஐயம் எழும். மாவையும் சூட்டையும் பற்றிய இந்த நுட்பமான தொழிலை, ஐரோப்பிய உணவை உண்டறியாத ஒருவர் வெறும் வாய்மொழியால் எவ்வாறு கற்றார்? நாம் கருதும் விடை இதுவே: அவர் பாதித் தொழிலைத் தம் தாயின் அடுப்பங்கரையிலேயே கண்டிருந்தார்.

கொழுக்கட்டைக்கு மேல்மாவு கிண்டுவதை எண்ணிப் பாருங்கள். நீரில் உப்பும் சிறிது எண்ணெயும் சேர்த்துக் கொதிக்க விடுகிறோம். தளதளவென்று கொதிக்கையில் அரிசிமாவைத் தூவிக் கட்டி தட்டாமல் கிளறுகிறோம். மாவு வெந்து, சட்டியின் பக்கங்களை விட்டு விலகி, ஒரே உருண்டையாகத் திரள்கிறது. கூஜேருக்கு மாவு கிண்டும் முதற்படியும் இதுவே. எண்ணெய்க்கு ஈடாக வெண்ணெய், அரிசிமாவுக்கு ஈடாகக் கோதுமை மாவு. இரண்டிலும் கொதிநீரால் மாவு முன்னதாகவே வெந்து, பச்சை மாவு கொள்வதைவிட மிகுதியான நீரைத் தன்னுள் பிடித்துக்கொள்கிறது. அந்த நீரே பின்னர் வேலை செய்வது. கொழுக்கட்டையை ஆவி வெளியிலிருந்து வேகவைக்கிறது. கூஜேரிலோ மாவினுள் அடங்கிய நீர் அடுப்பின் சூட்டில் ஆவியாகி, உள்ளிருந்து அதனை உப்பச் செய்கிறது. முட்டை அந்த உப்பலைத் தாங்கும் சுவராக இறுகுகிறது. ஆக, இரண்டும் ஆவியின் பிள்ளைகளே.

சாப்லேயும் அவ்வாறே. தட்டைக்கும் முறுக்குக்கும் மாவில் வெண்ணெயைப் போட்டுப் பிசிறுகையில், கையால் பிடித்தால் பிடிபட வேண்டும், விட்டால் உதிர வேண்டும் என்று நம் வீட்டுப் பெரியவர் சொல்வர். பிரெஞ்சுக்காரர் 'மணல்போல் ஆக்குக' என்று சொல்வதும் இதே பக்குவத்தைத்தான். கொழுப்பு மாவுத் துகள்களைச் சூழ்ந்துகொள்வதால் கோதுமையின் பசைத்தன்மை ஒன்றோடொன்று இழைந்து இறுக முடிவதில்லை. அதனால் பலகாரம் கடினப்படாமல் உதிர்கிறது. அறிவியல் பின்னர் தந்த விளக்கம் இது. விரல்கள் இதனை முன்பே அறிந்திருந்தன.

பொருள்களுள் கோதுமையும் பாலாடைக்கட்டியும் நமக்குப் புதியவை. பாலக்காடு நெல் விளையும் சீமை. 1940-களின் அரிசித் தட்டுப்பாட்டிலும் பின்னர் 1956 முதல் வந்த அமெரிக்கக் கோதுமையாலும், பங்கீட்டுக் கடை வழியே கோதுமை தென்னாட்டு வீடுகளில் பரவியது. பாலாடைக்கட்டியின் கதை இன்னும் சுவையானது. கூஜேருக்கு உகந்ததாகப் பெரிதும் கருதப்படும் 'கிரூயேர்' பாலாடைக்கட்டி சுவிட்சர்லாந்து மலைகளில் பிறந்தது. ஒரு கிலோ செய்ய ஏறத்தாழப் பன்னிரண்டு லிட்டர் பால் வேண்டும். அந்தச் சுவிட்சர்லாந்தின் பசுவே மூணாற்றை அடுத்த மாட்டுப்பட்டிக்கு வந்தது. 1963-இல் இந்திய–சுவிஸ் கூட்டுத் திட்டம் அங்கே தொடங்கப்பட்டு, பழுப்பு சுவிஸ் இனக் காளைகளை உள்ளூர்ப் பசுக்களுடன் கலந்து 'சுனந்தினி' என்னும் புதிய இனம் உருவாக்கப்பட்டது. மாட்டுப்பட்டி என்ற பெயர் தமிழ்ச் செவிக்கு மாடுகள் அடையும் பட்டி என்றே ஒலிப்பது நமக்கு மகிழ்ச்சி தருவது. பாலைப் பெருக்கியதே அத்திட்டத்தின் பயன். பாலாடைக்கட்டி பொதுமக்களுக்கு எட்டும் பொருளானதற்கோ குசராத்தின் அமுல் கூட்டுறவும் பெருங்காரணம். அங்கு எருமைப்பாலிலிருந்தும் அதனைச் செய்தனர். அக்கூட்டுறவை வளர்த்த வர்கீஸ் குரியன் கோழிக்கோட்டில் பிறந்து, சென்னை இலயோலாக் கல்லூரியிலும் கிண்டிப் பொறியியற் கல்லூரியிலும் பயின்றவர். இன்று கொடைக்கானலிலும், புதுவையை அடுத்த ஆரோவில்லிலும் பாலாடைக்கட்டி செய்யப்படுகிறது.

இனி, செய்முறையைச் சுருக்கமாகக் கூறுவோம். கால் லிட்டர் நீரில் 100 கிராம் வெண்ணெயும் சிறிது உப்பும் இட்டுக் கொதிக்க விடுக. அடுப்பினின்று இறக்கி, 150 கிராம் மைதாவை ஒரே முறையாகக் கொட்டிக் கிளறுக. மீண்டும் அடுப்பிலேற்றி, சட்டியின் அடியில் மெல்லிய ஏடு படியும்வரை இரண்டு நிமிடம் கிண்டுக. கைபொறுக்கும் சூட்டிற்கு ஆறிய பின்னர் நான்கு முட்டைகளை ஒவ்வொன்றாகச் சேர்த்து அடிக்க வேண்டும். சூடு மிகுந்திருப்பின் முட்டை அப்போதே வெந்துவிடும். கரண்டியினின்று மாவு தயங்கித் தயங்கி விழுவதே தக்க பக்குவம். அது நான்காம் முட்டைக்கு முன்னரே வந்துவிடின் அம்முட்டையை முழுதும் சேர்க்க வேண்டுவதில்லை. துருவிய பாலாடைக்கட்டி 100 கிராமும், இடுக்கி மிளகின் பொடியும் சேர்த்து, நெல்லிக்காய் அளவில் தட்டில் இட்டு, 200 பாகைச் சூட்டில் இருபத்தைந்து நிமிடம் சுடுக. முதல் இருபது நிமிடங்களில் அடுப்பைத் திறத்தலாகாது. திறந்தால் சுவர் இறுகுமுன் ஆவி அடங்கி, பலகாரம் அமுங்கிவிடும்.

முட்டை கொள்ளாத இல்லங்கள் பாலக்காட்டு அக்கிரகாரங்களில் மிகுதி. அவர்களுக்குச் சாப்லே உகந்தது. மைதா, வெண்ணெய், துருவிய பாலாடைக்கட்டி மூன்றும் எடையில் சமம். 100 கிராம் வீதம் எடுக்கலாம். மிளகோ ஓமமோ சேர்த்துப் பிசிறித் திரட்டி, ஈரத்துணியால் மூடிக் குளிர்ந்த இடத்தில் அரைமணி வைத்து, தட்டையாக இட்டு வில்லைகளாக வெட்டி, 180 பாகையில் பதினைந்து நிமிடம் சுட்டால் போதும். பாலாடைக்கட்டியிலேயே உப்பு உண்டாதலால் உப்பைக் குறைத்தே இட வேண்டும். கன்றின் இரைப்பையிலிருந்து எடுக்கும் உறைபொருளால் பாலைத் திரிப்பது ஐரோப்பியரின் பழைய முறை. நுண்ணுயிர்களிலிருந்து பெறும் உறைபொருளால் செய்ததும் நம் நாட்டில் கிடைக்கிறது. சைவ உணவினர் உறைமீதுள்ள பச்சைக் குறியைப் பார்த்து வாங்குதல் நலம்.

இரு எல்லைகளுக்கும் பக்குவம் ஒன்றன்று. கடல் மட்டத்திற்கு ஏறத்தாழ 1,500 மீட்டர் உயரத்திலுள்ள மூணாற்றில் நீர் 95 பாகை அளவிலேயே கொதித்துவிடும். எனவே அங்கு மாவைச் சிறிது கூடுதலாகக் கிண்ட வேண்டும். வெண்ணெய் மட்டும் இறுகி நின்று சாப்லேக்கு உதவும். பாலக்காட்டின் பங்குனி வெயிலிலோ வெண்ணெய் விரலிலேயே உருகும். அங்கு விடியற்காலையில் பிசிறுவதே அறிவுடைமை. மூணாற்றை அடுத்த வட்டவடையிலும் காந்தளூரிலும் விளையும் பெயர்பெற்ற பூண்டை நசுக்கிச் சேர்த்தால், பர்கண்டிப் பலகாரம் நம் மலையின் மணத்தையும் பெறும்.

இவ்வாறு பார்க்கையில், பிறநாட்டுப் பலகாரத்தைக் கற்பதால் நம் மரபு குன்றும் என்ற அச்சத்திற்கு இடமில்லை. கொழுக்கட்டை மாவு கிண்டத் தெரிந்த கை, கூஜேரை எளிதில் கற்கும். நாம் அஞ்ச வேண்டியது வேறொன்று. கொழுக்கட்டை கிண்டும் கையே அருகிவிடுமாயின், இரண்டும் நமக்கு அயலாகிவிடும். கைப்பக்குவம் என்பது செவியால் கேட்டு, கண்ணால் கண்டு, அருகிலிருந்து கற்பது. தாய் பாலக்காட்டிலும் மகள் புனேயிலும், பாட்டி மறையூரிலும் பேரன் பெங்களூரிலும் வாழும் காலத்தில் அருகிருத்தல் அரிது. அருகிருத்தல் அரிதாகும்போது எழுத்தே துணை.

ஆங்கிலேயர் தம் நாடு விட்டு வந்தபோது அவர்களுக்கென 1878-இல் ஒரு நூல் எழுந்தது. தமிழ்க் குடும்பங்கள் ஊர்விட்டு ஊர் பரவியபோது, மீனாட்சி அம்மாளின் 'சமைத்துப் பார்' 1951-இல் சென்னையில் வெளிவந்தது. உறவினர் கடிதம் எழுதிக் கேட்ட முறைகளையே அவர் அளவோடும் ஒழுங்கோடும் எழுதி நூலாக்கினார். அதனால் பெரியோர் துணையில்லாத புதுக்குடித்தனங்களும் சாம்பாரும் ரசமும் வைக்கக் கற்றன. பங்களாக் குசினிகளில் உழைத்த தமிழ்ச் சமையற்காரர்க்கோ அவ்வாறு எழுதிவைப்பார் இல்லை. அவர்கள் எந்த மாவை எந்தச் சூட்டில் பக்குவப்படுத்தினர் என்பதை இன்று கேட்டறிய வழி குறைவு. அவர்கள் பெயரும் போயிற்று. முறையும் பெரும்பாலும் போயிற்று.

ஆகவே, எல்லைக்கு அப்பாலும் இப்பாலும் வாழும் நேயர்கள் தத்தம் வீட்டில் ஒரு குறிப்பேடு தொடங்குதல் வேண்டும். பாட்டி ஆழாக்கில் அளந்தால் ஆழாக்கென்றே எழுதுக. அருகில் கிராம் கணக்கையும் குறித்துக்கொள்க. 'பிடித்தால் பிடிபட, விட்டால் உதிர' என்பது போன்ற பக்குவச் சொற்களை மாற்றாமல் எழுதுக. நிறுவையில் அகப்படாத அளவு அவற்றில்தான் உளது. புதிதாகக் கற்ற கூஜேரையும் அதே ஏட்டில், கொழுக்கட்டைக்கு அடுத்த பக்கத்தில் எழுதலாம். ஒவ்வொரு முறையின் மேலும் அதனைச் செய்து காட்டியவரின் பெயரையும் ஊரையும் ஆண்டையும் தவறாமல் பொறித்து வைக்க வேண்டும். ராமசாமி என்னும் பொதுப்பெயருக்குள் மறைந்தவர்களுக்கு நாம் செய்யத்தக்க கைம்மாறு அதுவே.